காலக்குலைவுமானி எதை அளக்கும்?

உயர்தர வகுப்பில் பௌதிகவியல் படிக்கும் மாணவர் நால்வர், பாடசாலைச் சஞ்சிகைக்கென்று தாங்கள் எழுதிய அறிவியல் புனைகதை ஒன்றைக் கொண்டுவந்து, "கதையைத் திருத்த வேண்டாம் சேர், பௌதிகவியல் பிழையோ என்று மட்டும் பார்த்துத் தாருங்கள்" என்று கேட்டுவிட்டுப் போனார்கள். கதையின் மையத்தில் இருப்பது ஒரு கருவி. திருகோணமலைச் சீனக்குடாவில் பிரித்தானியர் கட்டிவிட்டுப் போன எண்ணெய்த் தாங்கிகளுள் வெறுமையாகக் கிடக்கும் ஒன்றினுள்ளே, சீமெந்து மேடையின்மேல் அது நிற்கிறது. அதற்கு அவர்கள் இட்ட பெயர் காலக்குலைவுமானி. எவராவது கடந்த காலத்துக்குள் நுழைந்து நடந்த ஒன்றை நடவாததாக்கினால், காரணத்துக்கும் காரியத்துக்கும் இடையிலுள்ள கட்டுத் தளர்ந்து, அந்தத் தளர்வு அலையாகப் பரவி வந்து கருவியின் ஊசியை அசைக்கும் என்பது கதையின் ஏற்பாடு. அளவுக்கு அலகும் வைத்திருக்கிறார்கள்: 'குலை'. ஊசி ஏழு குலையைத் தொட்டால் வரலாறு மாறிவிட்டது என்று பொருள். அலகின் பெயரை வாசித்ததும் எனக்கு வாழைக்குலைதான் நினைவுக்கு வந்தது என்பதை அவர்களிடம் நான் சொல்லவில்லை.

ஓர் ஏப்பிரல் மாதக் காலையில் ஊசி ஏழைத் தொடுகிறது. காவலிருந்த விஞ்ஞானி ஆராய்ந்து பார்க்கையில், 1942 ஏப்பிரல் 9ஆம் திகதியில் யாரோ கைவைத்திருப்பது தெரியவருகிறது. நடந்த வரலாறு இந்த ஊரில் பலருக்கும் தெரிந்ததே. அன்று காலை யப்பானிய விமானங்கள் திருகோணமலைத் துறைமுகத்தையும் சீனக்குடா விமானத்தளத்தையும் தாக்கின. எச்சரிக்கை கிடைத்து முதல்நாளே துறைமுகத்தை விட்டு வெளியேறியிருந்த 'ஹேர்மிஸ்' என்னும் பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பல், மட்டக்களப்புக்கு அப்பால் கடலில் வைத்து மூழ்கடிக்கப்பட்டது. மாணவர்களின் கதையில் அந்த எச்சரிக்கை போய்ச் சேரவில்லை. ஹேர்மிஸ் துறைமுகத்துக்குள்ளேயே நின்று மூழ்குகிறது. எண்பது ஆண்டுகளுக்கும் மேலான இடைவெளியில் தாங்கிக்குள் இருக்கும் ஊசி துள்ளுகிறது.

கதை என்ற அளவில் இது நன்றாகவே இருக்கிறது. இப்படியொரு கருவி உலகில் இல்லை என்பது எழுதியவர்களுக்கும் தெரியும் என்பதால், இது நடக்காது என்று எழுதித் தாளைத் திருப்பிக் கொடுப்பதில் பயனில்லை. ஆகவே காலமும் காரணமும் குலையக்கூடியவை என்றே ஒரு பேச்சுக்கு வைத்துக்கொண்டு, அந்தக் குலைவை அளப்பதாகச் சொல்லும் கருவியிடம் என்ன இருக்க வேண்டும் என்று பார்த்தேன். கதையில் உள்ள கருவியிடம் அது இல்லை.

அளவீடு என்பது எப்போதும் ஒப்பீடுதான். துணியை முழக்கோலுடன் ஒப்பிடுகிறோம், நிறையைப் படிக்கல்லுடன் ஒப்பிடுகிறோம். ஒப்பிடப்படும் இரண்டில் ஒன்று மாறி மற்றது மாறாமல் இருந்தால்தான் வித்தியாசம் என்று ஒன்று தோன்றும். உட்துறைமுகத்தில் வற்றுப்பெருக்கை அளக்க வேண்டுமானால், கடலடியில் ஊன்றிய கம்பத்தில் கோடு கீறி, நீர் எந்தக் கோடு வரை ஏறுகிறது என்று பார்க்க வேண்டும். நங்கூரமிட்டு மிதக்கும் வள்ளத்தின் விளிம்பில் அதே கோட்டைக் கீறினால், நீர் ஏறும்போது வள்ளமும் ஏறும், இறங்கும்போது கூடவே இறங்கும். நாள் முழுவதும் உட்கார்ந்து பார்த்தாலும் நீர்மட்டம் அதே கோட்டில்தான் நிற்கும். மாணவர்களின் கருவி வள்ளத்தில் கீறிய கோடு.

இதைக் கதையில் வைத்தே பார்க்கலாம். ஹேர்மிஸ் துறைமுகத்துக்குள் மூழ்கியதாக வரலாறு மாறியிருந்தால், மட்டக்களப்புக்கு அப்பால் அதன் சிதைவு கிடக்காது. அங்கே சுழியோடியவர் எவரும் அதைக் கண்டிருக்க மாட்டார். புத்தகங்களும் முதியோரின் நினைவுகளும் துறைமுகத்துக்குள் மூழ்கிய கப்பலையே சொல்லும். கருவி நேற்றுக் காட்டிய அளவும் கடந்த காலத்தின் ஒரு துண்டுதானே? அதுவும் புதிய வரலாற்றுக்கு இசையவே எழுதப்பட்டிருக்கும். இன்னும் ஒரு படி மேலே போனால், அன்றைய தாக்குதலில் எண்ணெய்த் தாங்கி ஒன்று எரிந்து அழிந்தது. அதன் சிதைவை இப்போதும் பார்க்கலாம். மாறிய வரலாற்றில் அழிந்தது வேறொரு தாங்கியாக இருக்கலாம், கருவியை வைத்திருக்கும் தாங்கியாகவே கூட இருக்கலாம். துள்ளுவதற்கு ஊசியும் இல்லை, அதைப் பார்க்கக் காவலாளியும் இல்லை.

கடந்த காலத்துக்குப் போவதைப் பற்றிப் பௌதிகவியலாளர்கள் கணித முறையில் நிறையவே எழுதியிருக்கிறார்கள். ஐன்ஸ்ரைனின் பொதுச் சார்புக் கொள்கைச் சமன்பாடுகளுக்கு, முழுப் பிரபஞ்சமுமே சுழல்வதாகக் கொண்ட ஒரு தீர்வை 1949இல் குர்ட் கோடெல் கண்டார். அந்தப் பிரபஞ்சத்தில் ஒருவர் எப்போதும் முன்னோக்கியே பயணம் செய்து தம் பழைய நாளொன்றுக்கு வந்து சேர முடியும். நாம் வாழும் பிரபஞ்சம் அப்படிச் சுழல்வதாகத் தெரியவில்லை. என்றாலும் சமன்பாடுகள் தாமாக இதைத் தடுப்பதில்லை என்பது பலருக்கும் சங்கடமாக இருந்தது. அந்தச் சங்கடத்துக்கு மூன்று விதமான மறுமொழிகள் வந்தன. ரஷ்யரான இகோர் நோவிகோவின் கருத்துப்படி, பின்னோக்கிப் போக முடிந்தாலும் எதையும் மாற்ற முடியாது. போனவர் செய்வதெல்லாம் ஏற்கெனவே நடந்த வரலாற்றின் பகுதியாகவே இருக்கும். ஸ்டீபன் ஹோக்கிங் 1992இல் வெளியிட்ட கருதுகோளின்படி, அத்தகைய பாதை உருவாகும் தறுவாயிலேயே இயற்கை அதைக் குலைத்துவிடும். டேவிட் டொய்ச் 1991இல் குவாண்டம் பொறிமுறையைக் கொண்டு காட்டிய வழியில், பின்னோக்கிப் போனவர் மாற்றுவது வேறொரு கிளை உலகத்தை. அவர் விட்டுவந்த உலகம் இருந்தபடியே இருக்கும்.

மூன்றையும் கதையின் கருவிக்குப் பொருத்திப் பாருங்கள். முதலாவது சரியென்றால் மாற்றமே இல்லை. இரண்டாவது சரியென்றால் மாற்றுவதற்கு ஆள் போகவே முடியாது. மூன்றாவது சரியென்றால் மாற்றம் வேறோரிடத்தில் நடக்கிறது. எதுவானாலும் ஊசி பூச்சியத்திலேயே நிற்கும். பூச்சியத்தில் நிற்கும் ஊசியைப் பார்த்து, மூன்றில் எது சரியென்று சொல்லவும் முடியாது. ஹோக்கிங் 2009 யூன் 28ஆம் திகதி கேம்பிரிட்ஜில் காலப் பயணிகளுக்கென ஒரு விருந்து வைத்து, அது முடிந்த பின்னரே அழைப்பிதழை வெளியிட்டார். ஒருவரும் வரவில்லை. அதை வேடிக்கையென்றே எல்லோரும் எழுதுகிறார்கள். எனக்கு அது மாணவர்களின் கருவியைவிட நல்ல கருவியாகத் தோன்றுகிறது. ஆள் வந்தால் என்ன தெரியவரும் என்பது அங்கே முன்கூட்டியே தெளிவாக இருந்தது.

வரலாறு மாறியதை அளக்க முடியாது என்றால், காலத்தில் அளக்கத்தக்க குலைவே இல்லையா என்று கேட்கலாம். இருக்கிறது. நாள்தோறும் அளக்கப்படுகிறது. ஆனால் அது கதையில் வரும் குலைவைப் போல ஆரவாரமானதல்ல.

திருகோணமலையின் சுவாமிமலை உச்சியில் கோணேசர் கோயிலுக்கருகே ஓர் அணுக்கடிகாரத்தையும், கீழே கடல்மட்டத்தில் இன்னொன்றையும் வைத்ததாக எண்ணிக்கொள்வோம். செக்கன் என்னும் அலகு 1967 முதல் சீசியம்-133 அணுவின் 9,192,631,770 அதிர்வுகளாக வரையறுக்கப்பட்டிருப்பதால், இரண்டும் ஒரே இலக்கணப்படி ஓடும் கடிகாரங்கள், ஒன்றிலும் பழுதில்லை. என்றாலும் அவை ஒத்துப்போகா. புவியீர்ப்பு மையத்திலிருந்து விலக விலகக் காலம் சற்றே வேகமாக ஓடும் என்கிறது பொதுச் சார்புக் கொள்கை. ஒவ்வொரு மீற்றர் உயரத்துக்கும் வித்தியாசம் பத்தாயிரம் இலட்சங்கோடியில் ஏறத்தாழ ஒரு பங்கு. உயர வித்தியாசத்தை உத்தேசமாக நூறு மீற்றர் என்று கொண்டால், கோயிலடிக் கடிகாரம் கீழே உள்ளதைவிட நாளொன்றுக்குக் கிட்டத்தட்ட ஒரு நனோ செக்கன், அதாவது செக்கனின் நூறு கோடியில் ஒரு பங்கு, முந்திக்கொண்டிருக்கும். உச்சிப் பூசைக்கு மணியடிப்பதில் அதனால் ஒரு கேடும் இல்லை. ஆனால் ஒளி ஒரு நனோ செக்கனில் முப்பது சென்ரிமீற்றர் போய்விடும் என்பதை நினைத்தால், அது ஒன்றுமில்லாததும் அல்ல.

1971இல் அமெரிக்கரான ஹஃபேலும் கீற்றிங்கும் நான்கு சீசியக் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் ஆசனம் பிடித்து ஏற்றி, உலகை ஒருமுறை கிழக்காகவும் ஒருமுறை மேற்காகவும் சுற்றிக் கொண்டுவந்தார்கள். கிழக்காகச் சுற்றியபோது கடிகாரங்கள் தரையில் நின்றவற்றைவிடச் சராசரியாக 59 நனோ செக்கன் பின்தங்கின. மேற்காகச் சுற்றியபோது 273 நனோ செக்கன் முந்தின. ஆழ்கடலுக்குப் போகும் நம் மீனவர்கள் கையில் வைத்திருக்கும் ஜீ.பி.எஸ். கருவிக்குச் சமிக்ஞை அனுப்பும் செய்மதிகளில், வேகத்தால் வரும் பின்தங்கலும் உயரத்தால் வரும் முந்தலும் சேர்ந்து நாளொன்றுக்கு 38 மைக்ரோ செக்கன் முந்தலாகிறது. அதைத் திருத்தாமல் விட்டால் இடக் கணிப்பில் நாளொன்றுக்குப் பத்துக் கிலோமீற்றர் அளவில் வழு சேர்ந்துகொண்டே போகும். வலை போட்ட இடத்தை மறுநாள் தேடிப் போகிறவர் வேறு கடலில் நிற்பார். 2010இல் ஆய்வுகூடம் ஒன்றில் ஒரு கடிகாரத்தை 33 சென்ரிமீற்றர் உயர்த்தியே வித்தியாசத்தைக் கண்டார்கள். 2022இல் ஸ்ட்ரொன்றியம் அணுக்கூட்டம் ஒன்றுக்குள்ளேயே, அதன் மேற்புறத்துக்கும் கீழ்ப்புறத்துக்கும் இடையே, ஒரு மில்லிமீற்றர் உயரத்துக்குரிய கால வித்தியாசம் அளக்கப்பட்டது.

இந்த இடத்தில் மாணவர்களுள் ஒருவர் கெட்டித்தனமான கேள்வி ஒன்றைக் கேட்டார். இலங்கைக்குத் தெற்கே இந்து சமுத்திரத்தில் பெரியதொரு ஈர்ப்புப் பள்ளம் இருக்கிறது. புவியை ஒழுங்கான நீள்வட்டத் திண்மமாகக் கொண்டு கணித்தால் கடல்மட்டம் எங்கே இருக்க வேண்டுமோ, அதற்கு நூறு மீற்றருக்கும் கீழே அது அங்கே கிடக்கிறது. நம் கரையும் அந்தப் பள்ளத்தின் சரிவிலேயே இருக்கிறது. அப்படியானால் திருகோணமலைக் கடற்கரையில் காலம் மற்ற நாட்டுக் கடற்கரைகளைவிட மெதுவாக ஓடுமா என்பது கேள்வி. ஓடாது. கடல்நீர், ஈர்ப்பும் புவியின் சுழற்சியும் சேர்ந்த அழுத்தம் (potential) எங்கும் ஒரே நிலையில் இருக்கும் பரப்பாகத் தன்னைத் தானே ஒழுங்குபடுத்திக்கொள்கிறது. கடிகாரத்தின் வேகத்தைத் தீர்மானிப்பதும் அதே நிலைதான். ஆகவே அலை, நீரோட்டம் முதலியவற்றைத் தள்ளிவிட்டுப் பார்த்தால், கடல்மட்டத்தில் வைத்த கடிகாரங்கள் உலகம் முழுவதும் ஒரே வேகத்தில் ஓடும், கடல் அங்கே குழிந்திருந்தாலும் சரி, புடைத்திருந்தாலும் சரி. கடலே மிகப் பெரிய காலச் சமன்மட்டம் என்று அவருக்குச் சொன்னேன். அன்று நான் சொன்னவற்றுள் அவர்களுக்குப் பிடித்தது இது ஒன்றுதான் என்று நினைக்கிறேன்.

கடிகாரங்களை இப்படி ஒப்பிடுவது காலத்தின் வேகத்தைப் பற்றியது. காரணகாரியம் என்பது வேகத்தைவிட வரிசையைப் பற்றியது: எது முன், எது பின். அதற்கும் பௌதிகவியலில் திட்டவட்டமான வரம்பு உண்டு. ஒரு நிகழ்ச்சி இன்னொன்றுக்குக் காரணமாக இருக்க வேண்டுமானால், முதலாவதிலிருந்து புறப்பட்ட ஏதோ ஒன்று இரண்டாவது நடக்குமுன் அங்கே போய்ச் சேர்ந்திருக்க வேண்டும்; எதுவும் ஒளியைவிட விரைவாகப் போவதில்லை. 2004 திசெம்பர் 26இல் சுமாத்திராவுக்கு அப்பால் கடலடி பிளந்தது. அந்த இடம் இங்கிருந்து ஏறத்தாழ 1,700 கிலோமீற்றர். அங்கிருந்து புறப்பட்ட புவியதிர்வு அலைக்கு இந்தக் கரை நான்கு நிமிடப் பயணம். கடலலைக்கு ஏறக்குறைய இரண்டு மணி நேரம். ஒளிக்கும் வானொலிச் சமிக்ஞைக்கும் செக்கனில் ஆயிரத்தில் ஆறு பங்கு. ஒரே காரணம் மூன்று வேகங்களில் நம்மை நோக்கி வந்தது. அவற்றுள் மிக விரைவானதில் ஏறி நமக்கு ஒரு செய்தியும் வரவில்லை. இதற்குமேல் இதைப் பற்றி இங்கே எழுத எனக்கு மனமில்லை.

காரியம் காரணத்துக்கு முந்தி வந்ததாக ஒரு கருவி காட்டினால் என்ன செய்வது என்பதற்கு அண்மைக்கால வரலாற்றில் அருமையான உதாரணம் ஒன்று உண்டு. சுவிற்சர்லாந்திலுள்ள சேர்ன் ஆய்வுகூடத்திலிருந்து நிலத்தினூடே அனுப்பப்பட்ட நியூத்திரினோத் துணிக்கைகள், 730 கிலோமீற்றர் தொலைவில் இத்தாலியின் கிரான் சாசோ மலைக்கடியில் உள்ள 'ஒபேரா' என்னும் உணர்கருவியில், ஒளி எடுக்கக்கூடிய நேரத்தைவிட 60 நனோ செக்கன் முந்தியே வந்து சேர்வதாக 2011 செப்ரெம்பரில் அறிவிக்கப்பட்டது. ஒளியை முந்தக்கூடிய ஒன்று உண்மையாகவே இருந்தால், அதைக் கொண்டு கடந்த காலத்துக்குச் செய்தி அனுப்ப வழி பிறக்கும். ஆகவே உலகப் பத்திரிகைகளெல்லாம் ஐன்ஸ்ரைனின் முடிவைப் பற்றி எழுதத் தொடங்கின. அறிவித்த விஞ்ஞானிகளோ வெற்றி முழக்கம் செய்யாமல், தங்கள் கணிப்பில் எங்கே வழு இருக்கிறது என்று கண்டுபிடித்துத் தரும்படி கேட்டார்கள். சில மாதங்களில் கிடைத்துவிட்டது: நேரச் சமிக்ஞையைக் கொண்டுவந்த ஒளியிழை வடம் ஒன்றின் முனை சரியாக இறுகவில்லை. அதை இறுக்கியதும் முந்தல் மறைந்தது. காலக்குலைவு பற்றிக் கதையெழுதும் எவரும் அந்த வடத்தை ஒருமுறை மனக்கண்ணில் பார்த்துக்கொள்வது நல்லது.

நாமும் அப்படியொரு குலைவுக்குள் பத்தாண்டு வாழ்ந்தவர்கள்தாம், மறந்துவிட்டோம். 1996 மே மாதத்தில், மின்சாரத் தட்டுப்பாட்டின்போது, இலங்கையின் கடிகாரங்கள் ஒரு மணி நேரம் முன்னே தள்ளப்பட்டன. அதே ஆண்டு ஒக்ரோபரில் அரை மணி நேரம் பின்னே இழுக்கப்பட்டன. அந்த அரை மணி வித்தியாசம் 2006 ஏப்பிரல் நடுப்பகுதி வரை நீடித்தது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் இந்த மாற்றம் ஏற்கப்படவில்லை. அங்கே பழைய நேரமே ஓடியது. ஆக, கொட்டியாரக்குடாவின் இந்தப் பக்கம் ஒரு நேரம், சம்பூர்ப் பக்கம் வேறு நேரம். எங்கள் வீட்டிலேயே கூடத்தில் தொங்கிய கடிகாரம் புதிய நேரத்திலும், சுவாமியறைக் கடிகாரம் பழைய நேரத்திலும் ஓடின. ராகுகாலம் பார்ப்பதற்குச் சுவாமியறைக்கும், பஸ் பிடிப்பதற்குக் கூடத்துக்கும் போவோம். "எத்தனை மணி?" என்று கேட்டால், "பழசோ புதுசோ?" என்று திருப்பிக் கேட்பதே வழக்கமாயிருந்தது.

மூதூரில் புதிய நேரப்படி பத்து மணிக்கு மோட்டார் சைக்கிளில் புறப்பட்டு, தடைமுகாமில் அதிகம் மறிக்காமல் விட்டால், இருபத்தைந்து நிமிடத்தில் ஒருவர் சம்பூரில் நின்றிருப்பார். அங்கே மணி ஒன்பது ஐம்பத்தைந்து. புறப்படுவதற்கு ஐந்து நிமிடம் முன்னரே போய்ச் சேர்ந்துவிட்டார். இரு பக்கத்துக் குறிப்பேடுகளையும் நூறு ஆண்டு கழித்து ஒன்றாக வைத்துப் படிக்கும் ஒருவர், எந்தப் பக்கத்தில் எந்த நேரம் என்ற குறிப்பைத் தவறவிட்டால், கடிதம் எழுதப்படுமுன் பதில் வந்ததையும், நோயாளி புறப்படுமுன் வைத்தியசாலையில் சேர்ந்ததையும் காண்பார். ஆழிப்பேரலை நாளன்று நிலம் அதிர்ந்தது புதிய நேரப்படி ஏழு மணிக்கு ஒரு நிமிடம் முன். பழைய நேரப்படி ஆறரைக்கு ஒரு நிமிடம் முன். மாணவர்கள் தேர்ந்தெடுத்த 1942 ஏப்பிரல் 9க்கும் இதே சிக்கல் உண்டு. போர்க்காலத்துக்கென அவ்வாண்டு சனவரியில் இலங்கை நேரம் அரை மணி முன்னே தள்ளப்பட்டிருந்தது. யப்பானியக் கடற்படையோ எந்தக் கடலில் நின்றாலும் தோக்கியோ நேரத்திலேயே பதிவெழுதியது. அன்றைய தாக்குதல் இரு தரப்புப் பதிவுகளிலும் மூன்று மணி நேர இடைவெளியில் இருமுறை நடப்பது போலத் தோன்றும். இதைத் தெரியாத காவல் விஞ்ஞானி ஊசியையல்ல, தாளைப் பார்த்தே திடுக்கிட்டிருப்பார்.

உண்மையான காரண வரிசைக் குலைவுக்கு மிக அருகே போன பரிசோதனைகள் குவாண்டம் ஒளியியலில்தான் நடந்திருக்கின்றன. ஓர் ஒளித்துணிக்கை 'அ' என்ற செயலுக்கும் 'ஆ' என்ற செயலுக்கும் உட்படுகிறது என்று வைத்துக்கொண்டால், நம் அன்றாட அறிவு இரண்டு வழிகளையே அனுமதிக்கும்: முதலில் அ, பிறகு ஆ, அல்லது மறுதலை. குவாண்டம் பொறிமுறையோ இரண்டு வரிசைகளும் ஒன்றன்மேல் ஒன்று பொருந்திய நிலையையும் அனுமதிக்கிறது. வியன்னாப் பல்கலைக்கழகத்தில் 2017இல் வெளியான பரிசோதனை ஒன்றில், 'காரணச் சாட்சி' என்று சொல்லத்தக்க ஒரு கணியம் அளக்கப்பட்டது. எந்த ஒரு திட்டமான வரிசையைக் கொண்டும், அல்லது வரிசைகளின் எந்தக் கலவையைக் கொண்டும் பெற முடியாத பெறுமானம் அதற்குக் கிடைத்தால், அங்கே முன்பின் என்பது தீர்மானமாகாமலே இருந்தது என்று பொருள். அத்தகைய பெறுமானமே கிடைத்தது. இதைக் கொண்டு நேற்றைக்குச் செய்தி அனுப்ப முடியாது. கப்பலைக் காப்பாற்றவும் முடியாது. என்றாலும் காரண ஒழுங்கைப் பற்றிக் கேள்வி கேட்டு, ஆம் அல்லது இல்லை என்று பதில் சொல்லும் ஏற்பாடு மேசைமேல் இருக்கிறது என்பதைக் கதையெழுதுவோர் அறிந்திருக்க வேண்டும்.

இத்தனைக்கும் பிறகு, மாணவர்களுக்கு நான் சொன்ன திருத்தம் சுருக்கமானது. ஊசியை எடுத்துவிடுங்கள். தாங்கி இருக்கட்டும், அது அழகாக இருக்கிறது. ஆனால் ஒரு கருவி போதாது. இரண்டு வேண்டும், ஒன்றிலிருந்து ஒன்று தொலைவாக. ஈர்ப்பலைகளைக் கண்டறியும் 'லைகோ' நிலையங்கள் அமெரிக்காவில் 3,000 கிலோமீற்றர் இடைவெளியில் இரண்டாக அமைக்கப்பட்டதற்குக் காரணமும் இதுவே. ஒரு நிலையத்துக்கருகே பாரவூர்தி ஒன்று குலுங்கிப் போனால் அதன் கருவி மட்டும் நடுங்கும். 2015 செப்ரெம்பர் 14இல் இரண்டு நிலையங்களும் செக்கனின் ஆயிரத்தில் ஏழு பங்கு இடைவெளியில் ஒரே மாதிரி நடுங்கியபோதுதான், புரோத்தன் ஒன்றின் விட்டத்தில் நூற்றில் ஒரு பங்குக்கும் மிகக் குறைவான அந்த அசைவை நம்பத் துணிந்தார்கள். நம் கதையின் இரண்டாவது கருவி தென்கரையிலுள்ள காலி நகரில் இருக்கட்டும். நேர்கோட்டில் ஏறத்தாழ 300 கிலோமீற்றர். ஒளிக்கு ஒரு மில்லி செக்கன் வழி. இரண்டும் இடைவிடாமல் ஒன்றுக்கொன்று நேர முத்திரையிட்ட சமிக்ஞை அனுப்பிக்கொண்டிருக்க வேண்டும். காலியிலிருந்து வந்த சமிக்ஞை ஒரு மில்லி செக்கனுக்குக் குறைவான நேரத்தில் வந்துவிட்டதாகப் பதிவு காட்டினால், அங்கே அளக்கத்தக்க ஒன்று இருக்கிறது.

அலகையும் அவர்களுடன் சேர்ந்தே சரிசெய்தோம். முதற் பிரதியில் குலை என்பதற்கு வரைவிலக்கணமே இல்லை. ஏழு என்றால் எதில் ஏழு என்று கேட்டதற்கு ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். புதிய வரைவிலக்கணப்படி, சமிக்ஞை எடுத்த நேரத்தை ஒளி எடுத்திருக்கக்கூடிய நேரத்தால் பிரித்து, வரும் எண்ணை ஒன்றிலிருந்து கழிக்க வேண்டும். ஒளியின் வேகத்தில் வந்தால் பூச்சியக் குலை. நேரமே எடுக்காமல் வந்தால் ஒரு குலை. ஒன்றுக்கு மேற்பட்டால் அனுப்புமுன் வந்திருக்கிறது. கதையில் வரும் ஏழு குலைக்கு இப்போது தெளிவான பொருள் உண்டு: காலியிலிருந்து வந்த சமிக்ஞை, அனுப்பப்படுவதற்கு ஆறு மில்லி செக்கன் முன்னரே சீனக்குடாவுக்கு வந்து சேர்ந்துவிட்டது. ஒபேராக் கருவியின் இறுகாத வடம் காட்டியதைக் கணித்துப் பார்த்தோம். ஒரு குலையில் நாற்பதாயிரத்தில் ஒரு பங்கு அளவுதான் வந்தது.

திருத்திய பிரதி சென்ற கிழமை வந்தது. ஏப்பிரல் காலையும் இருக்கிறது, ஏழு குலையும் இருக்கிறது. ஆனால் கதையின் முதற்பாதி முழுவதும் காவல் விஞ்ஞானி ஒரு மின்சூளோடு வடங்களின் முனைகளை ஒவ்வொன்றாக இறுக்கிப் பார்க்கிறார். பதிவேட்டில் நேரம் எழுதும் நிரலுக்குப் பக்கத்தில் 'எந்த நேரம்?' என்று புதிதாக ஒரு நிரல் கீறுகிறார். கடைசிப் பக்கத்தின் அடியில், கதைக்குச் சம்பந்தமில்லாமல், மாணவர்கள் பென்சிலால் ஒரு கணக்குப் போட்டிருந்தார்கள். மூதூரிலிருந்து சம்பூருக்குப் பத்துக் கிலோமீற்றர் என்று வைத்துக்கொண்டு, ஐந்து நிமிடம் முந்திப் போய்ச் சேர்ந்த அந்த மோட்டார் சைக்கிள்காரருக்கு எத்தனை குலை என்று பார்த்திருக்கிறார்கள். விடை: ஏறத்தாழத் தொண்ணூறு இலட்சம்.